மரவரி தீட்டிய கான்கிரீட்: ஒரு போலியின் வரலாறு

போர்ட்லாந்து சிமெண்ட் என்னும் பெயரே ஒரு போலச்செய்தலின் சான்று. இங்கிலாந்தின் லீட்ஸ் நகரைச் சேர்ந்த கொத்தனார் ஜோசப் ஆஸ்ப்டின் 1824 அக்டோபர் 21 அன்று தம் கலவைக்குக் காப்புரிமை பெற்றார். இறுகியபின் அது டார்செட் கடற்கரையை ஒட்டிய போர்ட்லாந்தில் வெட்டப்படும் சுண்ணாம்புக் கல்லைப் போலத் தோன்றும் என்பதனாலேயே அப்பெயரைத் தேர்ந்தார். லண்டனின் தூய பவுல் பேராலயம் எழுப்பப்பட்ட கல் அது. ஆதலால் பெயரோடு சேர்ந்து ஒரு மதிப்பும் அக்கலவைக்கு வந்து சேர்ந்தது. அதற்கு முன்பே, ஜேம்ஸ் பார்க்கர் 1796இல் காப்புரிமை பெற்ற மற்றொரு சிமெண்ட் 'ரோமன் சிமெண்ட்' என்னும் பெயரில் புழங்கிவந்தது. ரோமானியர் அதனைக் கண்டதே இல்லை.

சிமெண்ட் தரையின்மீது தேக்கின் வரிகளைத் தீட்டிவைப்பதைக் கண்டு, 'கான்கிரீட்டைக் கான்கிரீட்டாகவே விட்டுவைத்தால் என்ன' என்று கேட்போர் இந்தப் பின்னணியைக் கருதுவதில்லை. அப்படித் தனக்கென ஒரு முகம் கொண்ட பொருளாகக் கான்கிரீட் பிறக்கவில்லை. முதலில் கல்லுக்கு மாற்று. பின்னர், கம்பி வைத்துக் கட்டிய வடிவில், மரத்துக்கு மாற்று. பிரான்சின் ழோசப் லூயி லாம்போ 1848இல் கம்பிவலையின்மீது சிமெண்ட் பூசி ஒரு படகு செய்தார். 1855ஆம் ஆண்டுப் பாரிஸ் கண்காட்சியில் அதனைக் காட்சிக்கு வைத்தார். அவர் கோரிய காப்புரிமை மரத்துக்குப் பதிலியாகப் பயன்படும் ஒரு பொருளுக்கானது. ஈரத்தில் உளுத்துப்போகும் மரத்தின் இடத்தை அது நிரப்பவேண்டும் என்பதே நோக்கம்.

அடுத்து வந்தவர் தோட்டக்காரர் ஒருவர். ழோசப் மோனியே பூந்தொட்டிகள் செய்துவந்தார். மரத்தொட்டி உளுத்தது, சுட்ட மண்தொட்டி உடைந்தது. 1867 ஜூலையில் இரும்புக்கம்பி பதித்த சிமெண்ட் தொட்டிகளுக்குக் காப்புரிமை பெற்றார். கம்பிவைத்த கான்கிரீட்டின் வரலாற்றை எழுதுவோர் அனைவரும் இவ்வாண்டைக் குறிப்பிடுவர். 1875இல் ஷாஸ்லே என்னும் ஊரின் கோட்டை அகழிமீது மோனியே ஏறத்தாழ 14 மீட்டர் நீளத்தில் ஒரு பாலம் கட்டினார். கம்பிவைத்த கான்கிரீட்டில் எழுந்த முதற்பாலமாக அதுவே எண்ணப்படுகிறது. அப்பாலத்தின் கைப்பிடிச் சுவர் பட்டை உரிக்காத மரக்கிளைகளைக் கோத்துக் கட்டியதுபோல வார்க்கப்பட்டிருக்கிறது. பொறியியல் நூல்கள் பாலத்தின் நீளத்தையும் அகலத்தையும் தருகின்றன. கைப்பிடியைப் பற்றிப் பெரும்பாலும் பேசுவதில்லை. இருபதாம் நூற்றாண்டை வடிவமைத்த பொருள் தன் முதற்பாலத்திலேயே மரவேடம் பூண்டிருந்தது என்பது அந்நூல்களுக்குச் சற்றுக் கூச்சம் தரும் செய்தி போலும்.

அதே 1867இல் திறக்கப்பட்ட பாரிஸின் பூட்-ஷோமோன் பூங்காவிலும் படிக்கட்டுகளும் தடுப்புவேலிகளும் மரமாக நடிக்கும் சிமெண்டால் ஆனவை. குடைந்த குகைக்குள் தொங்கும் சுண்ணாம்புப் பாறைக்கூம்புகளும் செயற்கையே. இவ்வேலைகளைச் செய்தோர் ரொக்காயர் என்று அழைக்கப்பட்டனர். பிரெஞ்சில் இக்கலைக்கு வழங்கும் பெயர் 'ஃபோ புவா', அதாவது பொய்மரம். ஜப்பானுக்கு இது சென்றபோது 'கிபொகு' என்றாயிற்று. போன்மை குறிக்கும் எழுத்தும் மரம் குறிக்கும் எழுத்தும் சேர்ந்த சொல். மெக்ஸிகோவின் ஸ்பானிய வழக்கில் 'த்ரபாஹோ ருஸ்திகோ', நாட்டுப்புற வேலை. ஒரே செயலைப் பிரெஞ்சு பொய் என்கிறது, ஜப்பானியம் போன்மை என்கிறது, ஸ்பானியம் வேலை என்கிறது.

இம்மூன்று பெயர்களும் வார்ப்பு வேலையைச் சார்ந்தவை. தரைமீது தூரிகையால் மரவரி தீட்டுவது வேறொரு கிளை. அதன் வேர் இன்னும் ஆழமானது. மலிவான மரத்தின்மீது விலையுயர்ந்த மரத்தின் வரிகளைத் தீட்டும் வழக்கம் பண்டை எகிப்திலேயே இருந்தது. பொம்பெயி நகரச் சுவர்களில் காரையைச் சலவைக்கல் பாளங்களாகக் காட்டும் பாணியே காலத்தால் முந்தியது. பழைய ஓவியர் முதலில் சலவைக்கல் வகைகளையே சுவரில் போலச்செய்தனர் என்று விட்ருவியஸும் தம் கட்டடக்கலை நூலின் ஏழாம் பாகத்தில் பதிவுசெய்கிறார். இங்கிலாந்தில் 17ஆம் நூற்றாண்டு முதல் பெருமனைகளின் உட்புற மரவேலைகளில் மரவரித் தீட்டல் காணப்படுகிறது. 19ஆம் நூற்றாண்டில் அது தனித் தொழிலாகவே வளர்ந்தது. நதேனியல் விட்டக் 1827இல் வெளியிட்ட அலங்கார வண்ணத்தொழில் கையேட்டில் மரவகைகளையும் சலவைக்கல் வகைகளையும் போலச்செய்யும் முறைகள் வண்ணத்தட்டுகளோடு விளக்கப்பட்டன. அடிமரம் பெரும்பாலும் பால்டிக் கடல்வழி வந்த மலிவான ஊசியிலை மரம். மேலே தெரிவது ஓக்கு, வால்நட்டு, மகோகனி.

அத்தொழிலின் நுட்பம் சற்று விரிவாகவே சொல்லத்தக்கது. முதலில் அடிப்பூச்சு. போலச்செய்யும் மரத்தில் காணும் நிறங்களுள் மிக வெளிறியது எதுவோ அதுவே அடிப்பூச்சின் நிறம். அது நன்கு காய்ந்தபின் அதன்மேல் கசியும் தன்மையுள்ள மெல்லிய மேற்பூச்சு. ஆளிவிதை எண்ணெயில் குழைத்த காவிமண், கருகிய பழுப்புமண் நிறங்கள் இதற்கு உரியவை. நீர்க்கலவையாகச் செய்யும்போது நிறத்தூளைப் பிடித்துவைப்பதற்குப் புளித்த பீரையே கலந்தனர். மேற்பூச்சு ஈரமாக இருக்கும்போதே எஃகுச் சீப்பையோ தோல் சீப்பையோ இழுத்தால் கோடுகள் பிறக்கும். நீண்ட மயிர்த்தூரிகையால் அதனைத் தட்டினால் மரத்துளைகள் போன்ற நுண்கீற்றுகள் விழும். பேட்ஜர் என்னும் விலங்கின் மயிரால் ஆன மெல்லிய தூரிகையால் வருடினால் கோடுகளின் கூர்மை கரையும். ஓக்கு மரத்தில் வெள்ளிக்கீற்றுப்போல மின்னும் ஆரக்கதிர்களைக் காட்டுவதற்குக் கட்டைவிரல் நகத்தின்மேல் துணியைச் சுற்றி மேற்பூச்சைத் துடைத்தெடுப்பர். தீட்டுவதைக் காட்டிலும் துடைப்பதே அங்கு ஓவியமாகிறது. இறுதியாக வார்னிஷ்.

கைத்திறம் மட்டும் போதாது. மரவரி என்பது அடிமரத்தின் ஆண்டு வளையங்களை வாள் எந்தக் கோணத்தில் சந்தித்தது என்பதன் பதிவு. வளையங்களுக்குத் தொடுகோடாக அறுத்தால் கூர்மாடம் போன்ற அடுக்கு வளைவுகள் தெரியும். ஆரப்போக்கில் அறுத்தால் ஒன்றையொன்று ஒட்டி ஓடும் நேர்கோடுகள் தெரியும். கணு இருக்குமிடத்தில் வரிகள் விலகிச் சென்று மீண்டும் கூடும், ஆற்றின் நடுவே பாறையைச் சுற்றி ஓடும் நீரைப் போல. இவற்றை அறியாமல் தீட்டுபவன் ஒரே பலகையில் இருவேறு வெட்டுகளைக் கலந்துவிடுவான். பார்ப்பவருக்குக் காரணம் சொல்லத் தெரியாது. ஆனால் ஏதோ பொருந்தவில்லை என்று கண் சொல்லிவிடும். தாய்மொழி பேசுவோர் இலக்கணப் பிழையை விதி சொல்லாமலேயே உணர்வது போன்றது இது.

இத்தொழிலின் உச்சம் என்று மதிக்கப்படுபவர் 1819இல் பிறந்த தாமஸ் கெர்ஷா. 1851ஆம் ஆண்டு லண்டன் பெருங்கண்காட்சியிலும் 1855ஆம் ஆண்டுப் பாரிஸ் கண்காட்சியிலும் அவர் தீட்டிய மரவரி, சலவைக்கல் பலகைகள் பதக்கம் பெற்றன. லண்டனின் விக்டோரியா ஆல்பர்ட் அருங்காட்சியகத்தில் அவை பாதுகாக்கப்படுகின்றன.

கெர்ஷா பதக்கம் பெறுவதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன்னரே, 1849இல், ஜான் ரஸ்கின் 'கட்டடக்கலையின் ஏழு விளக்குகள்' நூலில் இத்தொழிலின்மீது ஒழுக்கத் தீர்ப்பு எழுதியிருந்தார். 'வாய்மை விளக்கு' என்னும் இயலில் கட்டடக்கலையின் மூன்று ஏமாற்றுகளை அவர் பகுத்துக் காட்டுகிறார்: தாங்காத உறுப்பைத் தாங்குவதாகக் காட்டுதல், ஒரு பொருளின் பரப்பை வேறொரு பொருளாகத் தீட்டுதல், கைவேலை இருக்கவேண்டிய இடத்தில் எந்திர வார்ப்பை வைத்தல். மரவரி தீட்டுதல் இரண்டாம் வகையில் அடங்கும். ஆனால் பொன்முலாம் குறித்து அவர் தரும் விலக்கு கவனிக்கத்தக்கது. கட்டடத்தில் பொன்முலாம் ஏமாற்று அன்று. ஏனெனில் அதனைத் திண்பொன் என்று எவரும் கருதுவதில்லை. அப்படியானால் குற்றம் பொருளிலும் இல்லை, தீட்டும் செயலிலும் இல்லை. காண்போரின் எதிர்பார்ப்பில் இருக்கிறது. எதிர்பார்ப்பு என்பதோ காலத்துக்குக் காலம், ஊருக்கு ஊர் மாறுவது. விக்டோரியா கால நடுத்தர வீடுகளில் தெருக்கதவு ஓக்காகத் தீட்டப்பட்டிருப்பது எல்லாரும் அறிந்த வழக்கம். அதனைக் கண்டு எந்தத் தச்சனும் ஏமாந்திருக்க மாட்டான். ரஸ்கின் தம் விலக்கை அதன் தருக்கம் செல்லும் தொலைவுவரை கொண்டுசெல்லவில்லை.

தமிழில் 'போலி' என்னும் சொல்லுக்கு உள்ள இருநிலை இங்கு உதவும். அன்றாட வழக்கில் போலி என்றால் கள்ளம். போலி மருத்துவர், போலிச் சான்றிதழ். இலக்கணத்திலோ, ஓரெழுத்தின் இடத்தில் வேறோர் எழுத்து வந்தும் பொருள் மாறாதிருப்பது போலி. மஞ்சு மைஞ்சு ஆகலாம். அரசு அரைசு ஆகலாம். பந்தல் பந்தர் ஆகலாம். அறம் அறன் ஆகலாம். முதற்போலி, இடைப்போலி, கடைப்போலி என்று மாணவர் மனப்பாடம் செய்யும் அப்பகுதியில் கண்டனம் ஏதுமில்லை. இட்ட இடத்தில் வேலை செய்கிறதா என்பதே அங்கு அளவுகோல். 'அறன்' என்னும் வடிவம் 'அற'த்தை ஏமாற்றிவிட்டதாக எந்த உரைகாரரும் குறைப்படவில்லை.

இது சொற்களோடு நின்றுவிடும் பூசல் அன்று என்பதற்கு இந்தியக் கலைவரலாறே சான்று. பீகாரின் பராபர் குன்றுகளில் மௌரியர் காலத்து லோமச ரிஷி குகையின் வாயில், வளைத்த மரச்சட்டங்களால் ஆன குடிலின் முகப்பாகக் கருங்கல்லில் செதுக்கப்பட்டிருக்கிறது. உத்திர முனைகள் வெளியே நீட்டிக்கொண்டிருப்பதுகூடக் காட்டப்பட்டுள்ளது. சாஞ்சித் தூபியைச் சுற்றிய கல்வேலி, தச்சர் முறைப்படி துளையிட்டு முளைசெருகிக் கோக்கப்பட்டது. மகாராட்டிரத்தின் கார்லே சைத்தியம் இவற்றினும் வியப்புக்குரியது. ஏறத்தாழ 38 மீட்டர் நீளத்துக்கு ஒரே பாறையில் குடையப்பட்ட அம்மண்டபத்தின் வளைகூரைக்கு எந்தத் தாங்கலும் வேண்டியதில்லை. அது மலையின் உட்பகுதி. எனினும் அக்கூரையின் அடியில் உண்மையான தேக்குச் சட்டங்கள் வளைத்துப் பொருத்தப்பட்டன. ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டுகளாகியும் அவை இன்றும் இருக்கின்றன, எதையும் தாங்காமல். பின்னர் வந்த அஜந்தாவின் 19, 26 எண்ணுள்ள குகைகளில் அச்சட்டங்களும் கல்லாகிவிட்டன, பாறையிலேயே செதுக்கிவிட்டனர்.

இந்தச் சான்றுகளை வைத்து ஜேம்ஸ் ஃபெர்கூசன் ஒரு முடிவுக்கு வந்தார். அவுரி வணிகராக வங்காளம் வந்து, பின் கட்டடக்கலை வரலாற்றாசிரியரானவர் அவர். கல்லில் மரத்தைப் போலச்செய்கிறார்கள் என்றால், அதற்குமுன் இவர்கள் மரத்தில் மட்டுமே கட்டியிருக்கவேண்டும். அலெக்சாந்தரின் வருகைக்குப் பின் கிரேக்கத் தொடர்பாலேயே கல்லில் கட்டக் கற்றிருக்கவேண்டும் என்பது அவர் வாதம். கல்கத்தாவின் ராஜேந்திரலால் மித்ரா இதனை ஏற்கவில்லை. 1875இலும் 1880இலும் இரு தொகுதிகளாக வெளிவந்த ஒரிசாவின் தொன்மைகள் குறித்த தம் நூலில், இந்தியக் கல்கட்டடக்கலை அதனினும் பழமையானது என்று அவர் வாதிட்டார். ஃபெர்கூசன் 1884இல் மித்ராவின் பெயரைத் தலைப்பிலேயே இட்டு ஒரு மறுப்பு நூல் வெளியிட்டார். அது கட்டடக்கலையோடு நிற்கவில்லை. ஐரோப்பியர்மீதான வழக்குகளை இந்திய நீதிபதிகள் விசாரிக்கலாமா என்னும் இல்பர்ட் மசோதாப் பூசல் எரிந்துகொண்டிருந்த காலம் அது. மித்ராவின் ஆய்வுத் திறனைக் குறைகூறுவதையும், ஐரோப்பியரை விசாரிக்கும் தகுதி இந்தியருக்கு உண்டா என்னும் வினாவையும் ஃபெர்கூசன் வெளிப்படையாகவே முடிச்சிட்டார். கல்லில் செதுக்கிய ஓர் உத்திர முனை நீதிமன்றத்தில் யார் யாரை விசாரிக்கலாம் என்பதற்குச் சான்றாக இழுத்துவரப்பட்டது. அடுத்த ஆண்டே, 1885இல், ஆசியவியல் கழகத்தின் முதல் இந்தியத் தலைவராக மித்ரா பொறுப்பேற்றார்.

ஃபெர்கூசனின் தருக்கத்தில் உள்ள ஓட்டையைக் காண்பதற்கு இந்தியச் சான்றுகூடத் தேவையில்லை. டோரிக் பாணிக் கோயில்களின் தூண்களுக்கு மேலே காணும் மூன்றுபட்டைக் கற்கள், பழைய மர உத்திரங்களின் வெட்டுமுனைகளை மூடிய பலகைகளிலிருந்து வந்தவை என்று விட்ருவியஸ் நான்காம் பாகத்தில் எழுதியிருக்கிறார். கிரேக்கர் கல்லில் மரத்தைப் போலச்செய்தபோது அது மரபின் தொடர்ச்சி. இந்தியர் செய்தபோது அறியாமையின் அடையாளம். செயல் ஒன்று, தீர்ப்பு இரண்டு. பின்னாளில் குஜராத்தின் தோலாவிராவில் செதுக்கிய கல்லால் ஆன கட்டுமானங்கள் அகழ்ந்தெடுக்கப்பட்டன. கி.மு. மூன்றாம் ஆயிரத்தாண்டைச் சேர்ந்த அவற்றுக்கும் மௌரியர் காலத்துக்கும் நேர்த்தொடர்ச்சி காட்ட இயலாது என்பது உண்மையே. ஆயினும், கல்லில் கட்டும் அறிவு வெளியிலிருந்து வந்தே தீரவேண்டும் என்னும் முற்கோள் அத்துடன் உதிர்ந்துவிடுகிறது.

தமிழகத்துக் கொடுங்கைகளும் இவ்வரிசையில் சேர்பவை. ஆவுடையார்கோயிலின் கற்கூரை விளிம்புகளில் வரிச்சட்டங்களும் குறுக்குக் கம்பிகளும் ஆணித்தலைகளும் கல்லிலேயே காட்டப்பட்டுள்ளன. கல்லுக்கு ஆணி எதற்கு என்று அங்கு எவரும் கேட்பதில்லை. அந்த ஆணித்தலையைக் காணவே செல்கின்றனர். பொருளியலும் இங்கு தலைகீழ். இங்கிலாந்தில் மலிவான பைன் விலையுயர்ந்த ஓக்காகத் தோன்ற விரும்பியது. ஆவுடையார்கோயிலிலோ செய்வதற்கரிய கல், எளிய மரக்கூரையாகத் தோன்ற விரும்புகிறது. போலச்செய்தல் என்றாலே மேல்நிலைக்கு ஏங்குதல் என்று விளக்குவோர்க்கு இது இடறும்.

இத்தகைய பொருள்மாற்றத்துக்கு அறிவுத்துறையில் இரு பெயர்கள் உண்டு. ஹென்றி கோலி மார்ச் என்னும் ஆங்கில மருத்துவர் 1889இல் கிரேக்க வேர்களிலிருந்து 'ஸ்கியூமார்ஃப்' என்னும் சொல்லை ஆக்கினார். முன்னைப் பொருளின் வடிவம் பின்னைப் பொருளில் அணியாகத் தங்குவதை அது குறிக்கும். அவருக்கு முன்பே காட்ஃப்ரீட் செம்பர் 'ஷ்டோஃப்வெக்ஸல்' என்று எழுதினார். ஜெர்மனில் அச்சொல் உடலின் வளர்சிதை மாற்றத்தையும் குறிக்கும். செம்பரின் சொல் கூர்மையானது: அவர் பார்வையில் மரம் கல்லாவது வேடம் அன்று, செரிமானம்.

மீண்டும் கான்கிரீட் தரைக்கு. மரத்தின்மீது மரம் தீட்டுவதைவிடக் கான்கிரீட்டின்மீது தீட்டுவது நெடுங்காலம் கடினமாக இருந்ததற்குக் காரணம் கலை அன்று, வேதியியல். புதிய கான்கிரீட் கடுங்காரத் தன்மை உடையது. அதன் துளைநீரின் காரஅளவு 12ஐத் தாண்டும். ஆளிவிதை எண்ணெய்ப் பூச்சை அதன்மேல் தடவினால் காரமும் எண்ணெயும் கூடிச் சோப்பாகிவிடும். பூச்சு வழுவழுத்து உரியும். மண்ணிலிருந்து தரைவழியே மேலேறும் ஈரம் எஞ்சியதைக் கொப்புளிக்கச் செய்யும். எனவே கெர்ஷாவின் காலத்து எண்ணெய்ப்பூச்சு முறையை அப்படியே தரைக்கு இறக்க முடியவில்லை. அக்ரிலிக், எப்பாக்சி, பாலியூரித்தேன் பூச்சுகள் இருபதாம் நூற்றாண்டின் பிற்பாதியில் பரவலான பின்னரே அது இயல்வதாயிற்று.

அப்போதும் அடிப்படை ஒழுங்கு பழையதே. கான்கிரீட் ஏறத்தாழ 28 நாள் இறுகி உலரவேண்டும். மேலே படிந்து காய்ந்த சிமெண்ட் பாலை நீர்த்த அமிலத்தாலோ அரைத்தோ நீக்கவேண்டும். இல்லையேல் பூச்சு தரையைப் பற்றாது, அந்தப் பாலைத்தான் பற்றும். பின்னர் வெளிர்நிற அடிப்பூச்சு, பலகைகளைப் பிரிக்கும் கோடுகள், ஒன்றுவிட்ட பலகைகளில் மேற்பூச்சும் சீப்பும், அவை காய்ந்தபின் இடைப்பட்டவை, இறுதியாகக் கண்ணாடிப் பூச்சு. எல்லாப் பலகைகளும் ஒரே மரத்தில் அறுத்தவைபோல் இருக்கலாகாது. முனைகள் ஒரே கோட்டில் சந்திக்கலாகாது. தரை கற்பனையானாலும், அக்கற்பனைத் தரையைப் பாவிய தச்சன் தொழில் தெரிந்தவனாக இருக்கவேண்டும். அமெரிக்காவில் கலிபோர்னியாவின் பிராட் பௌமன் 1950களிலிருந்து வளர்த்தெடுத்த அச்சுக் கான்கிரீட் முறை இதற்கு மாற்றுவழி கண்டது. ஈரக் கான்கிரீட்டிலேயே வடிவத்தை அழுத்திப் பதிப்பது அது. விரைவானது. அச்சு ஒன்றே என்பதனால் கணுவும் ஒன்றே.

கான்கிரீட் மரத்தின் பெருங்கலைஞர் என்று ஒருவரைச் சொல்லவேண்டுமானால், மெக்ஸிகோவின் தொலூக்காவில் 1891இல் பிறந்த தியோனிசியோ ரொத்ரீகஸ். 1920களில் டெக்சாஸ் மாநிலத்துச் சான் அந்தோனியோவில் குடியேறினார். அங்குள்ள பிராக்கன்ரிட்ஜ் பூங்காவின் பாலம், நிழற்கூரையுள்ள டிராம் நிறுத்தம், அர்கன்சாஸில் 1933இல் எழுந்த பழைய ஆலை, மெம்ஃபிஸ் கல்லறைத்தோட்டத்தின் குகை எனப் பல இடங்களில் அவர் வேலை நிற்கிறது. கம்பியும் வலையும் கட்டிக் கான்கிரீட் இட்டு, கடைசிச் சிமெண்ட் பூச்சு இறுகுவதற்கு முன் உள்ள சில மணி நேரத்துக்குள் முள்கரண்டியும் கரண்டியும் தாமே செய்த கருவிகளும் கொண்டு பட்டையைச் செதுக்குவார். அவர் செய்த மரம் நல்ல மரம் அன்று. பட்டை உரிந்த, பூச்சி துளைத்த, பொந்து விழுந்த, வெட்டுவாயில் வளையங்கள் வெடித்த மரம். உளுப்பதைத் தவிர்க்கவென்று லாம்போ கண்ட பொருளில், ரொத்ரீகஸ் உளுத்தலையே செதுக்கினார்.

நிறக்கலவையை அவர் யாருக்கும் காட்டவில்லை. தம் காரின் பின்பெட்டியிலோ கூடாரத்துக்குள்ளோ மறைவாகக் கலப்பார். டப்பாக்களின் பெயர்ச்சீட்டைக் கிழித்துவிடுவார். உடன் உழைத்த மாக்சிமோ கோர்த்தேஸ் போன்றோர் அக்கைவேலையைத் தொடர்ந்தனர். கோர்த்தேஸ் குடும்பத்தில் அது அடுத்த தலைமுறைக்கும் சென்றது. குறிப்பேடு மட்டும் இல்லை. ரொத்ரீகஸ் 1955இல் மறைந்தார். 1939இல் வெளிவந்த 'கான் வித் த விண்ட்' திரைப்படத்தின் தொடக்கக் காட்சியில் அவருடைய பழைய ஆலை தோன்றுகிறது. உலகெங்கும் கோடிக்கணக்கானோர் அந்தக் கான்கிரீட்டைக் கண்டிருக்கின்றனர்.

இதற்கிடையே நவீனக் கட்டடக்கலை 'நேர்மையான கான்கிரீட்'டை அறிவித்தது. லெ கார்பூசியே 1952இல் மார்சேயில் முடித்த குடியிருப்பும், டெனிஸ் லாஸ்டன் வடிவமைத்து 1976இல் லண்டனில் திறக்கப்பட்ட தேசிய நாடக அரங்கும் பூச்சில்லாக் கான்கிரீட்டின் முன்மாதிரிகள். ஆனால் அச்சுவர்களை அருகே சென்று நோக்கினால் தெரிவது மரவரி! சென்ட்ரிங் பலகைகளின் வரியும் கணுவும் இணைப்புக்கோடும் ஈரக் கான்கிரீட்டில் பதிந்து கல்லாய் நிற்கின்றன. சார்லஸ் பியர்ஸ் வகுத்த குறிகளின் பகுப்பைக் கொண்டு பார்த்தால் வேறுபாடு விளங்கும். தீட்டிய வரி ஐகான். ஒப்புமையால் மரத்தைக் குறிக்கிறது. லாஸ்டனின் சுவரில் உள்ள வரி இண்டெக்ஸ். மரம் உண்மையிலேயே தொட்டுச் சென்ற தடம், ஈரமண்ணில் காலடி போன்றது. ரஸ்கினின் வழிவந்தோர் முன்னதைப் பொய் என்றும் பின்னதை மெய் என்றும் கொண்டனர். எனினும் லண்டனில் வரி நன்கு விழவேண்டும் என்பதற்காகவே பலகைகள் தேர்ந்தெடுக்கப்பட்டன. தடம் விழவேண்டும் என்றே அழுத்தி வைக்கப்பட்ட காலடியை வெறுந்தடம் என்று கொள்வது எவ்வளவு பொருந்தும்?

சந்தை இந்த நுண்பகுப்புகளுக்காகக் காத்திருக்கவில்லை. ஃபிரடெரிக் வால்டன் 1860களில் உருவாக்கிய லினோலியம் சில பத்தாண்டுகளிலேயே பலகைத்தரையின் அச்சுப்படத்தைச் சுமந்தது. ஆளிவிதையையும் எண்ணெயையும் குறிக்கும் லத்தீன் சொற்களை ஒட்டி வால்டனே ஆக்கிய அப்பெயர், பொருளின் பொதுப்பெயராகிவிட்டது என்று 1878இல் ஆங்கில நீதிமன்றம் தீர்ப்பளித்தது. போட்டியாளரும் அதனை வழங்கலாயினர். அதன்பின் வினைல், இன்று குஜராத்தின் மோர்பியில் டிஜிட்டல் முறையில் மரவரி அச்சிடப்படும் ஓடுகள். இவற்றின் ஒரே குறை, ஒரு கணுவைக் கண்ட கண் சில அடி தள்ளி அதே கணுவை மீண்டும் காண்பது.

போலியை இழிவாகக் கருதியதன் விலையைக் கொடுத்தவை பழைய கட்டடங்களே. இருபதாம் நூற்றாண்டில் பிரிட்டனிலும் அமெரிக்காவிலும் பழமனைகளைப் புதுப்பித்தோர், மரவரிப் பூச்சுகளை ஏமாற்று என்று சுரண்டி எறிந்து, அடியிலிருந்த பைனை 'அசல்' என்று பளபளக்க வைத்தனர். கட்டிய தச்சரும் குடியிருந்தோரும் ஒருநாளும் வெறுமையாகக் காணவிரும்பாத மரம் அது. பூச்சடுக்குகளை நுண்ணோக்கியில் ஆராயும் முறை வளர்ந்தபின் போக்கு மாறியது. ஜார்ஜ் வாஷிங்டனின் மவுண்ட் வெர்னான் இல்லத்தில், ஈரப்பூச்சின்மேல் மணல் தூவிக் கல்லாகத் தோன்றச்செய்த பைன் பலகைச்சுவர்கள் அவ்வாறே பேணப்படுகின்றன. 1790களில் மகோகனியாகத் தீட்டப்பட்ட நடுக்கூடத்து மரவேலைக்கும் அதே மரவரி மீண்டும் தீட்டப்பட்டது. ரொத்ரீகஸின் பாலங்களைப் பழுதுபார்ப்போரின் நிலை இதனினும் கடினம். வெடிப்பை நிரப்பலாம், துருவேறிய கம்பியை மாற்றலாம், பட்டையைக்கூட மீண்டும் செதுக்கலாம். வெயிலில் வெளிறிய நிறத்தைத்தான், பெயர்ச்சீட்டில்லாத அந்த டப்பாக்களில் என்ன இருந்தது என்று ஒவ்வொரு கலவையாகச் சோதித்துத் தேடவேண்டியிருக்கிறது.